‘வரலாற்றில் இன்று’ பலகை: தேதி பிசகாமல் எழுதும் முறை

தமிழ்ப் பள்ளியிலோ கோயில் மண்டபத்திலோ ‘வரலாற்றில் இன்று’ பலகை வைக்க நினைக்கிறவர்களுக்கான வழிமுறை இது. தென்னாப்பிரிக்காவில் டர்பன், சாட்ஸ்வொர்த், ஃபீனிக்ஸ், டொங்காட், பீட்டர்மாரிட்ஸ்பர்க் என்று எங்கே வைத்தாலும் வேலை ஒன்றுதான். ஒரு தேதியை எடுத்துக்கொண்டு, அதே தேதியில் வெவ்வேறு ஆண்டுகளில் நடந்தவற்றைத் திரட்டி, ஆறேழு வரிகளில் எழுத வேண்டும். அந்தப் பலகை சொல்லும் முதல் செய்தியே தேதிதான். நிகழ்ச்சி முழுக்க உண்மையாக இருந்து தேதி மட்டும் ஒரு நாள் தள்ளியிருந்தாலும் அந்த வரிக்கு அங்கே இடமில்லை. ஆகவே நேரத்தில் முக்கால் பங்கு தேதியைச் சரிபார்ப்பதற்கே போகும். போகட்டும்.

இங்கே செப்டம்பர் 11ஐ மாதிரியாக எடுத்துக்கொள்கிறோம். தென்னாப்பிரிக்கத் தமிழருக்கு நெருக்கமான செய்திகள் அந்த நாளில் உண்டு. தேதி தொடர்பான சிக்கல்களும் ஏறக்குறைய எல்லாமே அதில் வந்துவிடுகின்றன.

அட்டவணை போடுவது

கணினியில் எக்ஸெல் போன்ற அட்டவணையைத் திறந்து ஆண்டு, மாதம், நாள் மூன்றையும் தனித்தனிப் பத்திகளில் எண்ணாக எழுதுங்கள். ஒரே கட்டத்தில் முழுத் தேதியாக எழுதினால் இரண்டு கோளாறு வரும். முதலாவது, 1900க்கு முந்தைய தேதியை எக்ஸெல் தேதியாக ஏற்காது. 16-11-1860 என்று தட்டினால் வெறும் எழுத்தாக வைத்துக்கொள்ளும். வரிசைப்படுத்தும்போது அது மட்டும் கூட்டத்தை விட்டு அடியில் போய் நிற்கும். ஒப்பந்தத் தொழிலாளரின் முதல் கப்பல் டர்பன் வந்த நாளே இப்படிக் காணாமல் போனால் பலகை எதற்கு? இரண்டாவது, 11/9 என்பதைக் கணினியின் அமைப்பைப் பொறுத்து செப்டம்பர் 11 என்றும் எடுக்கும், நவம்பர் 9 என்றும் எடுக்கும். அமெரிக்கர் மாதத்தை முன்னால் எழுதுகிறவர்கள். அவர்களுடைய பட்டியலிலிருந்து வெட்டி ஒட்டினால் நவம்பர் 9ஆம் தேதி நடந்த பெர்லின் சுவர்த் திறப்பு செப்டம்பரில் வந்து உட்காரும்.

அடுத்த பத்திகள்: நிகழ்ச்சி, இடம், கிழமை, உள்ளூர் நேரம் தெரிந்தால் நேரம், எந்த ஆவணத்திலிருந்து எடுத்தது, அதை நேரில் பார்த்தவர் யார். கடைசி இரண்டையும் காலியாக விட்ட வரி பலகைக்குப் போகக் கூடாது. இந்த ஒரு விதியைப் பிடித்துக்கொண்டால் பாதிப் பிழை குறையும்.

எங்கே தேடுவது

இணையத்தில் எந்தத் தேதிக்கும் ஐம்பது, அறுபது நிகழ்ச்சி கிடைக்கும். அதில் ஐரோப்பியப் போர்களும் அரசர்களும் நிறைய இருப்பார்கள். நேட்டால் கரும்புத் தோட்டத்தில் உழைத்தவர்கள் இருக்க மாட்டார்கள். நம் தேதிகளை நாமே தேடித்தான் சேர்க்க வேண்டும். 1860 முதல் 1911 வரை 1,52,184 பேர் ஒப்பந்தத் தொழிலாளராக நேட்டாலுக்கு வந்தார்கள். அவர்களில் பெரும்பான்மையோர் சென்னைத் துறைமுகத்தில் ஏறியவர்கள். அந்தக் கப்பல் பதிவேடுகள் அரசு ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. டர்பனில் 1860 பாரம்பரிய மையமும், வெஸ்ட்வில்லில் குவாசூலு-நேட்டால் பல்கலைக்கழகத்தின் காந்தி-லுதுலி ஆவண மையமும் உண்டு. காப்பகத்துக்குப் போகும்போது ‘இந்தியர் வரலாறு வேண்டும்’ என்று கேட்டால் நாள் முழுவதும் வீணாகும். கப்பல் பெயர், வந்த ஆண்டு, மாதம் ஆகியவற்றை எழுதிக்கொண்டு போய்க் கேளுங்கள்.

தேடும்போதே சில நாட்களைக் கட்டாயம் குறித்துவைக்கலாம். 1860 நவம்பர் 16: சென்னையிலிருந்து 342 பேருடன் ட்ரூரோ கப்பல் டர்பன் வந்த நாள். 1893 ஜூன் 7: பீட்டர்மாரிட்ஸ்பர்க் நிலையத்தில் காந்தியை ரயிலிலிருந்து இறக்கிவிட்ட இரவு. 1913 நவம்பர் 6: காந்தி தலைமையில் சார்ல்ஸ்டவுனிலிருந்து டிரான்ஸ்வால் எல்லையை நோக்கி 2,037 ஆண்களும் 127 பெண்களும் 57 குழந்தைகளும் நடந்த நாள். 1914 பிப்ரவரி 22: தில்லையாடி வள்ளியம்மை மறைந்த நாள். 1946 ஜூன் 13: இந்தியர் நிலம் வாங்குவதைக் கட்டுப்படுத்திய ‘கெட்டோ சட்டத்தை’ எதிர்த்து டர்பனில் அமைதிப் போராட்டம் தொடங்கிய நாள். 1949 ஜனவரி 13: டர்பன் கலவரம் மூண்ட நாள். கடைசியாகச் சொன்னது ஒரே நாளில் முடியவில்லை. இப்படிப் பல நாள் நீண்ட நிகழ்ச்சிக்குத் தொடங்கிய நாளை மட்டும் எடுத்து, ‘மூண்டது’, ‘தொடங்கியது’ என்று வினையிலேயே காட்டிவிட வேண்டும்.

வள்ளியம்மை பிறந்ததும் இறந்ததும் பிப்ரவரி 22 என்றே பரவலாக எழுதப்படுகிறது. பலகையில் மறைந்த நாளை எழுதுங்கள். பிறந்த தேதியையும் சேர்க்க வேண்டுமானால் அதற்குத் தனியாக ஓர் ஆவணம் பாருங்கள். அந்தக் காலத்து எவருக்கும் இதே எச்சரிக்கை பொருந்தும். கப்பல் பதிவேட்டில் வயதுதான் இருக்கும். பிறந்த தேதி இருக்காது. அதை வைத்து ஒருவருக்குப் பிறந்தநாள் கட்டுவது பொய்யாகிவிடும்.

எந்தச் சான்றை நம்புவது

அன்றே எழுதப்பட்டது முதல் தரம்: கப்பல் பதிவு, நீதிமன்றப் பதிவு, அரசிதழ், இறப்புப் பதிவு. அந்த வாரத்துப் பத்திரிகை அடுத்தது. பல ஆண்டு கழித்து எழுதிய நினைவுக் குறிப்பு அதற்கும் கீழே. ஆண்டு விழா மலர்கள் கடைசி, ஏனென்றால் ஒரு மலர் இன்னொரு மலரைப் பார்த்து எழுதியதாகவே பெரும்பாலும் இருக்கும். நான்கு இணையதளங்களில் ஒரே வாக்கியம், ஒரே எண், ஒரே எழுத்துப் பிழையோடு இருந்தால் அதை ஒரே சான்றாகத்தான் எண்ண வேண்டும்.

பத்திரிகையில் ஒரு பொறி இருக்கிறது. நாளிதழ் நேற்று நடந்ததைச் சொல்லும். வார இதழ் நான்கைந்து நாள் முந்தையதைச் சொல்லும். கட்டாயப் பதிவுச் சட்டத்தை எதிர்த்து இந்தியர் கூடிய ஜோகன்னஸ்பர்க் எம்பயர் தியேட்டர் கூட்டம் நடந்தது 1906 செப்டம்பர் 11. ஃபீனிக்ஸிலிருந்து வந்த காந்தியின் ‘இந்தியன் ஒப்பீனியன்’ அப்போது சனிக்கிழமை இதழ். ஆகவே செய்தி செப்டம்பர் 15, 22 இதழ்களில் இருக்கும். இதழின் தலைப்பில் உள்ள தேதியைப் பார்த்து எழுதிவிட்டால் நிகழ்ச்சி நான்கு நாளோ பதினொரு நாளோ தள்ளிப்போகும். செய்தியின் உள்ளே ‘கடந்த செவ்வாய்க்கிழமை’ என்று இருக்கிறதா என்று பாருங்கள்.

கிழமைக் கணக்கு

அங்கேதான் கிழமை கைகொடுக்கும். ஐந்து எண்களைக் கூட்டுங்கள்: ஆண்டின் கடைசி இரண்டு இலக்கம், அதை 4ஆல் வகுத்தால் வரும் ஈவு (மீதியை விட்டுவிடலாம்), மாத எண், தேதி, நூற்றாண்டு எண். மொத்தத்தை 7ஆல் வகுத்தால் வரும் மீதிதான் கிழமை. 0 ஞாயிறு, 1 திங்கள், அப்படியே போய் 6 சனி.

மாத எண்கள் ஜனவரியிலிருந்து வரிசையாக 0, 3, 3, 6, 1, 4, 6, 2, 5, 0, 3, 5. நூற்றாண்டு எண் 1800களுக்கு 2, 1900களுக்கு 0, 2000களுக்கு 6. லீப் ஆண்டின் ஜனவரி, பிப்ரவரித் தேதிகளுக்கு மட்டும் மொத்தத்தில் 1 கழிக்க வேண்டும். 1900 லீப் ஆண்டு அல்ல என்பது நினைவிருக்கட்டும்.

1906 செப்டம்பர் 11: 6 + 1 + 5 + 11 + 0 = 23. ஏழால் வகுத்தால் மீதி 2, செவ்வாய். இதழ் சொல்வதோடு ஒத்துப்போகிறது. 1860 நவம்பர் 16: 60 + 15 + 3 + 16 + 2 = 96. மீதி 5, வெள்ளி. பழைய மலர் ஒன்றில் எம்பயர் தியேட்டர் கூட்டம் ஞாயிற்றுக்கிழமை நடந்ததாக எழுதியிருந்தால் அதிலுள்ள மற்றத் தேதிகளையும் சந்தேகத்தோடு படியுங்கள். பள்ளியில் பெரிய பிள்ளைகளிடம் இந்தக் கணக்கைக் கொடுத்துவிடலாம். ஆசிரியரைவிட வேகமாகப் போடுவார்கள்.

நள்ளிரவும் கடிகாரமும்

தேதிப் பிழையில் பாதி நள்ளிரவை ஒட்டியே வரும். பாரதியார் திருவல்லிக்கேணியில் மறைந்தது 1921 செப்டம்பர் 11 இரவு, நள்ளிரவு தாண்டி ஒரு மணிக்கு மேல். ஆங்கிலக் கணக்குப்படி அது 12ஆம் தேதி. சூரிய உதயம் முதல் அடுத்த உதயம் வரை ஒரு நாள் என்கிற நம் கணக்குப்படி இன்னும் 11தான். தமிழ்நாட்டு அரசு 2021இல் செப்டம்பர் 11ஐ மகாகவி நாளாக அறிவித்தது. ஆகவே அவரை 11ஆம் தேதிப் பலகையில் வைக்கலாம். ஆனால் ‘11 நள்ளிரவு கடந்து’ என்ற சொற்களை விடக் கூடாது. அவர் வயதையும் கவனியுங்கள். 1921இலிருந்து 1882ஐக் கழித்து 39 என்று பலரும் எழுதிவிடுகிறார்கள். பிறந்தது டிசம்பர் 11. அந்த ஆண்டின் பிறந்தநாள் வரவே இல்லை. 38தான் சரி.

கறுப்பர் விழிப்புணர்வு இயக்கத் தலைவர் ஸ்டீவ் பிக்கோ விஷயத்தில் நேர் எதிரான எச்சரிக்கை வேண்டும். 1977 செப்டம்பர் 11 அன்று பலத்த காயத்தோடு இருந்த அவரைப் போலீசார் லேண்ட் ரோவர் வண்டியின் பின்புறத்தில் கிடத்தி, போர்ட் எலிசபெத்திலிருந்து பிரிட்டோரியாவுக்கு ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் கொண்டுபோனார்கள். உயிர் பிரிந்தது 12ஆம் தேதி. 11ஆம் தேதிப் பலகையில் அந்தப் பயணத்தை எழுதலாம். மரணத்தை எழுதக் கூடாது. பலகையில் ஒரு வரி நிரப்புவதற்காக ஒருவரின் இறந்த நாளை நகர்த்துவது அவருக்குச் செய்யும் அவமரியாதை.

தூர தேசத்து நிகழ்ச்சிக்கு அந்த இடத்து உள்ளூர்த் தேதியே கணக்கு. தென்னாப்பிரிக்கா 1903 மார்ச்சிலிருந்து கிரீன்விச்சுக்கு 2 மணி நேரம் முன்னால் இருக்கிறது. இந்தியா ஐந்தரை மணி நேரம் முன்னால். நியூயார்க்கில் 2001 செப்டம்பர் 11 காலை 8:46க்கு முதல் விமானம் மோதியபோது டர்பனில் பிற்பகல் 2:46, சென்னையில் மாலை 6:16. மூன்று ஊரிலும் ஒரே தேதி, சிக்கல் இல்லை. நிலவில் மனிதன் கால்வைத்ததை எடுத்தால் சிக்கல் வரும். அமெரிக்காவில் அது 1969 ஜூலை 20 இரவு. நமக்கு 21 விடியற்காலை 4:56. நிலவுக்கென்று உள்ளூர்த் தேதி கிடையாது. ‘அமெரிக்க நேரப்படி’ என்றோ ‘நம் நேரப்படி’ என்றோ இரண்டில் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும்.

இல்லாத செப்டம்பர் 11

1752இல் பிரிட்டனும் அதன் ஆட்சிப் பகுதிகளும் பழைய ஜூலியன் காலண்டரை விட்டன. செப்டம்பர் 2ஆம் தேதிக்கு அடுத்த நாள் 14 ஆனது. இடையிலுள்ள 11 நாட்கள் கிடையவே கிடையாது. ஆகவே ஆங்கிலேயர் கணக்கில் 1752 செப்டம்பர் 11 என்ற நாளே இல்லை. டச்சுக்காரர் ஆண்ட கேப் டவுன் பகுதியில் அந்த நாள் இருந்தது. பிரெஞ்சுக்காரரின் புதுச்சேரியிலும் இருந்தது. அவர்கள் முன்பே கிரெகோரியன் காலண்டருக்கு மாறியவர்கள்.

இதனால் 1700க்கும் 1752க்கும் இடைப்பட்ட சோழமண்டலக் கரைச் செய்திகளுக்கு ஆங்கில நூலில் ஒரு தேதியும் பிரெஞ்சு நூலில் 11 நாள் தள்ளி ஒரு தேதியும் இருக்கும். 1746இல் சென்னைக் கோட்டை பிரெஞ்சுக்காரரிடம் விழுந்தது ஆங்கிலக் கணக்கில் செப்டம்பர் 10. பிரெஞ்சுக் கணக்கில் செப்டம்பர் 21. இரண்டும் ஒரே நாள்தான். இப்படிப்பட்ட நிகழ்ச்சிக்குப் புதிய காலண்டர் தேதியை எழுதி, பக்கத்தில் ‘பழைய கணக்கில் 10’ என்று குறியுங்கள். ரஷ்யச் செய்திக்கு 1918 பிப்ரவரி வரை இதே கவனம் வேண்டும். அங்கே ஜனவரி 31க்கு அடுத்த நாள் பிப்ரவரி 14.

தமிழ்த் தேதி

கோயில் சார்ந்த பலகைக்கு இது முக்கியம். தைப்பூசம், தீபாவளி போன்றவை நட்சத்திரத்தையோ திதியையோ ஒட்டி வருகிறவை. ஆங்கிலத் தேதி ஆண்டுதோறும் மாறும். மவுண்ட் எட்ஜ்கம் மாரியம்மன் கோயிலின் புனித வெள்ளி வழிபாடும் ஈஸ்டரோடு நகர்ந்துகொண்டே இருக்கும். இவற்றை நிலையான தேதியின் கீழ் எழுதாதீர்கள். ஒரு குறிப்பிட்ட ஆண்டில் நடந்ததை, கும்பாபிஷேகம் போல, அந்த ஆண்டின் ஆங்கிலத் தேதியோடு எழுதலாம்.

பழைய கல்வெட்டிலோ அழைப்பிதழிலோ ‘பராபவ வருடம் ஆவணி மாதம்’ என்று மட்டும் இருந்தால், அந்தப் பெயர் 60 ஆண்டுக்கு ஒருமுறை திரும்பும் என்பதை மறக்க வேண்டாம். 1867 சித்திரையில் தொடங்கியது பிரபவ, அதாவது 1. ஆண்டிலிருந்து 1866ஐக் கழித்தால் வரிசை எண் வரும். 1906 – 1866 = 40, பராபவ. 1921 – 1866 = 55, துன்மதி. விடை 60ஐத் தாண்டினால் 60ஐக் கழியுங்கள். ஜனவரி முதல் ஏப்ரல் நடு வரை உள்ள நாட்களுக்கு முந்தைய ஆண்டைப் போட்டுக் கணக்கிடுங்கள். பெயர் மட்டுமே இருந்து நூற்றாண்டு தெரியவில்லை என்றால், கோயில் எப்போது கட்டியது, கல்லில் யார் பெயர் இருக்கிறது என்று பார்த்துத்தான் முடிவுகட்ட முடியும்.

தற்செயலா, தேர்ந்தெடுத்ததா

ஒரே தேதியில் இரண்டு பெரிய நிகழ்ச்சி கண்டதும் இதைக் கேளுங்கள். டிசம்பர் 16ஐப் பாருங்கள். 1838இல் போயர்களுக்கும் சூலுக்களுக்கும் நடந்த ந்கோமே ஆற்றங்கரைப் போர். 1961இல் ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸின் ஆயுதப் பிரிவான உம்கொண்டோ வெ சிஸ்வே வெளிப்பட்டதும் அதே நாளில், அந்த நாளின் பொருளை அறிந்தே. 1995 முதல் அது நல்லிணக்க நாள். மூன்றும் சங்கிலியாகக் கோத்தவை. பலகையில் அந்தத் தொடர்பைச் சொல்ல வேண்டும். இந்தியக் குடியரசு நாளும் அப்படித்தான். 1930 ஜனவரி 26 பூரண சுயராஜ்ய நாளை நினைத்தே 1950இல் அந்தத் தேதியை எடுத்தார்கள்.

ஜூலை 18 வேறு வகை. 1914இல் அன்றுதான் காந்தி கேப் டவுனில் கப்பலேறி இந்த நாட்டை விட்டுப் போனார். 1918இல் அன்றுதான் நெல்சன் மண்டேலா பிறந்தார். அழகான பொருத்தம், ஆனால் யாரும் திட்டமிட்டதல்ல. பக்கத்தில் பக்கத்தில் எழுதினாலே போதும். ‘விதியின் கணக்கு’ போன்ற சொற்களைச் சேர்க்க வேண்டாம். 23 பேர் இருக்கும் வகுப்பில் இரண்டு பேருக்குப் பிறந்தநாள் ஒன்றாக இருக்கும் வாய்ப்பு பாதிக்கு மேல். ஆயிரக்கணக்கான நிகழ்ச்சிகளை 366 நாட்களில் அடைத்தால் பொருத்தங்கள் கிடைத்துக்கொண்டேதான் இருக்கும்.

எழுதுவது

ஆறேழு வரிக்கு மேல் வேண்டாம். காலைக் கூட்டத்தில் இரண்டு நிமிடத்தில் வாசித்து முடிய வேண்டும். இந்த மண்ணில் நம்மவர் பங்கு கொண்டது ஒன்றாவது, தென்னாப்பிரிக்கா முழுமைக்கும் உரியது ஒன்றாவது இருக்கட்டும். ஒவ்வொரு வரியிலும் எங்கே, யார், என்ன என்ற மூன்றும் வேண்டும். கொலையைக் கொலை என்றே எழுதுங்கள். ‘காலமானார்’ என்று மழுப்பினால் பிள்ளைகள் தவறாகக் கற்பார்கள். அன்று இல்லாத பெயரை அன்றைக்கு ஏற்றவும் கூடாது. 1906 கூட்டத்தின் போது சத்தியாக்கிரகம் என்ற பெயர் பிறக்கவில்லை. ‘சத்தியாக்கிரகத்துக்கு வித்திட்ட கூட்டம்’ என்றால் சரி.

செப்டம்பர் 11 பலகை இப்படி வரும்:

1893: சிகாகோ சர்வசமய மாநாடு தொடங்கியது. விவேகானந்தர் அங்கே தம் முதல் உரையை ஆற்றினார். அவர் பயணத்துக்குத் துணைநின்றவர்களில் ஒருவர் ராமநாதபுரம் பாஸ்கர சேதுபதி.

1906: ஜோகன்னஸ்பர்க் எம்பயர் தியேட்டரில் சுமார் 3,000 இந்தியர் கூடி, டிரான்ஸ்வாலின் கட்டாயப் பதிவுச் சட்டத்துக்குப் பணிவதில்லை என உறுதி எடுத்தனர், சத்தியாக்கிரகத்துக்கு வித்திட்ட கூட்டம்.

1921: 11 நள்ளிரவு கடந்து, சென்னை திருவல்லிக்கேணியில் சுப்பிரமணிய பாரதியார் மறைந்தார். வயது 38.

1957: ஒடுக்கப்பட்டோர் உரிமைக்காக நின்ற இம்மானுவேல் சேகரன் பரமக்குடியில் கொலை செய்யப்பட்டார்.

1973: சிலி நாட்டில் ராணுவம் ஆட்சியைப் பறித்தது. அதிபர் அயெந்தே மாளிகையில் உயிரிழந்தார்.

1977: காவலில் காயமுற்ற ஸ்டீவ் பிக்கோவை வண்டியில் கிடத்திப் பிரிட்டோரியாவுக்குக் கொண்டுபோனார்கள். மறுநாள் இறந்தார்.

2001: அமெரிக்காவில் கடத்தப்பட்ட நான்கு விமானங்களின் தாக்குதலில் 2,977 பேர் கொல்லப்பட்டனர்.

வினோபா பாவேயின் பிறப்பும் (1895) ஜின்னாவின் மறைவும் (1948) இதே தேதிதான். இடமில்லாததால் விட்டோம், அடுத்த ஆண்டுக்கு அட்டவணையில் இருக்கின்றன. டர்பன் நகரில் கடை வைத்திருக்கும் எத்தியோப்பியருக்குப் பெரும்பாலான ஆண்டுகளில் இதுவே புத்தாண்டு. நமது லீப் ஆண்டுக்கு முந்தைய ஆண்டில் மட்டும் 12ஆம் தேதிக்குப் போகும். பக்கத்து வீட்டுக்காரர் பண்டிகை என்பதால் ஓரத்தில் ஒரு வரி கொடுத்தால் நல்லது.

அச்சிடுவது

ஏ3 தாளில் தலைப்பு 48 புள்ளி, வரிகள் 24 புள்ளிக்குக் குறையாமல். யுனிகோட் எழுத்துரு மட்டும் பயன்படுத்துங்கள். லதா, நிர்மலா, நோட்டோ சான்ஸ் தமிழ் மூன்றும் சரிவரும். பழைய கோப்பிலிருந்து யுனிகோட் அல்லாத எழுத்தை எடுத்தால் அடுத்த கணினியில் குப்பையாகத் தெரியும். அச்சுக்கடைக்குப் பிடிஎஃப் ஆகவே அனுப்புங்கள். இல்லாவிட்டால் கொம்பும் காலும் எழுத்தை விட்டுப் பிரிந்து நிற்கும். தமிழ் படிக்கத் தெரியாத பெற்றோர் நிறைய என்பதால் கீழே ஆங்கிலத்திலும், முடிந்தால் இசிசூலு எனும் சூலு மொழியிலும் அதே வரிகள் வரட்டும். ஆண்டுகளை மூன்று மொழியிலும் எண்ணாகவே போடுங்கள். மொழிபெயர்ப்பில் எண் மாறிப்போவது அடிக்கடி நடக்கும். தாளைச் சுவரில் ஏற்றும் முன் ஒருவர் எண்களை மட்டும் உரக்கப் படிக்க, இன்னொருவர் அட்டவணையைப் பார்த்துச் சரி சொல்ல வேண்டும்.

இறக்கிய தாளின் பின்புறத்தில் ஒவ்வொரு வரிக்கும் உரிய ஆவணத்தைப் பென்சிலால் எழுதி, மாதவாரியாகக் கோப்பில் போடுங்கள். யாராவது வந்து ஒரு தேதி தவறு என்றால் அந்தத் தாளை எடுத்துக் காட்டலாம். அவர் கொண்டுவரும் சான்று வலுவாக இருந்தால் அட்டவணையைத் திருத்தி, மறுவாரப் பலகையின் அடியிலேயே திருத்தத்தையும் போட்டுவிடுங்கள். பிப்ரவரி 29க்கும் ஒரு தாள் தனியாக வைக்க மறக்காதீர்கள்.